உளுவையின் வயிற்று ஜவ்வு

அன்புத் தங்கச்சி அயிரைக்கு அக்கா எழுதிக்கொள்வது. நானும் உன் மாமாவும் நலம். மீன் ஆராய்ச்சிக் கப்பலில் உனக்கு வாந்தி நின்றதா?

முதலில் ஒரு வெட்கக்கேட்டைச் சொல்லிவிடுகிறேன். ஞாயிற்றுக்கிழமை உன் அறைத் திரைக்குப் பின்னால் ஒளிந்து நின்று, உன் மீன்களைப் பார்க்க வந்த, நீ கட்டிக்கொள்ளப்போகிற கண்ணாடிக்காரரை வேவு பார்த்தேன். என் உடம்புக்கு அந்தத் திரை போதவில்லை. மூக்கு உள்ளே, வயிறு வெளியே. மனுஷன் லென்ஸில் தலையைக் கவிழ்த்திருந்ததால் தப்பித்தேன்.

விஷயம் உன் உளுவை மீனைப் பற்றியது. கப்பலேறும் முன் எனக்குப் பாடம் எடுத்தாயே: வயிற்றுத் துடுப்பு இரண்டையும் இணைத்து ஒரு ஜவ்வு இருந்தால் புதுப் பேரினம், நீயே பெயர் வைக்கலாம், இல்லாவிட்டால் பழைய கும்பலோடு சேர்ந்துவிடும் என்று. பிடித்ததில் ஜவ்வு கிழியாமல் இருப்பது இந்த ஒரு மீன்தான் என்றும் சொன்னாய். நகத்தளவு மீனுக்கு இத்தனை கோர்ட்டு கேசா என்று சிரித்தேன். இப்போது சிரிப்பு வரவில்லை.

கண்ணாடிக்காரர் அந்த மீனைப் புட்டியிலிருந்து எடுத்து, மல்லாத்திப் போட்டு, ஊசியால் வயிற்றில் என்னவோ செய்துகொண்டிருந்தார். நான் தும்மித் தொலைத்தேன். சட்டென்று தட்டால் மூடிவிட்டார். கேட்டதற்கு, ‘ஒண்ணுமில்லக்கா, தூசி ஒட்டியிருந்துச்சு’ என்றார். மூடிய புட்டிக்குள் கிடந்த மீனுக்குத் தூசி எங்கிருந்து வந்ததாம்? ‘ஊசி போடுறீங்களே தம்பி, அதுக்கென்ன காய்ச்சலா?’ என்றேன். சிரிக்கவில்லை. காது மட்டும் சிவந்தது. போகும்போது ஒழுகுகிற குழாயைச் சரிசெய்து கொடுத்தார். அதுவும் எனக்குச் சந்தேகமாகவே இருக்கிறது.

உன் மாமாவிடம் சொன்னால், ‘பால்காரர் சிரிச்சாலே தண்ணி கலந்திருக்கான்னு பாக்கறவதானே நீ’ என்கிறார். பால்காரர் கலந்தார்தானே!

இந்த மீனெல்லாம் ஒரே பேரினம் என்று போன வருடம் புத்தகம் போட்டவரே அவர்தான். உன் மீன் ஜெயித்தால் அவர் புத்தகம் தோற்கும். ‘தோத்தா என்னக்கா, வீட்டுக்குள்ளதானே’ என்று நீ சிரித்தாய். அவரும் சிரித்தாரா என்று நான் கவனிக்காமல் விட்டுவிட்டேன். ஜவ்வு இருக்கிறதா என்று பிறகு நானும் லென்ஸில் பார்த்தேன். என் இமைமயிர்தான் தெரிந்தது.

ஆகையால் கண்ணு, ‘ஜவ்வே இல்ல, நீ தப்பாப் பாத்திருப்பே’ என்று அவர் எழுதினால் உடனே தலையாட்டாதே. கல்யாணத் தேதிக்கும் சரி சொல்லிவிடாதே. வந்து முதலில் மீனைப் பார், அப்புறம் அவர் முகத்தைப் பார். நான் நினைத்தது தப்பென்றால் அவரிடம் நானே மன்னிப்புக் கேட்கிறேன்; எனக்கு அதில் சந்தோஷம்தான். நீ ஏமாறாமல், நன்றாக இருக்க வேண்டும். சீக்கிரம் வா.

உன்னை இடுப்பில் சுமந்து வளர்த்து, இன்றும் இடுப்பு வலிக்கிற
அக்கா

பி.கு.: புட்டியை பீரோவில், மாமாவின் காக்கிச் சட்டை மடிப்புக்கு நடுவில் ஒளித்து வைத்தேன். மூடியைச் சரியாகத் திருகவில்லை போல. மீன் இன்னும் முழுகித்தான் இருக்கிறது. அதை ஊற வைத்த ஸ்பிரிட்தான் கொஞ்சம் கசிந்து, சட்டை சாராயம் மாதிரி நாறியது. மாமா அந்தச் சட்டையோடு பஸ் ஓட்டப் போனார். டிப்போவில் வாயை ஊதச் சொல்லியிருக்கிறார்கள். ஊதியிருக்கிறார். மிஷினில் ஒன்றும் காட்டவில்லை; அப்படியும் நம்பாமல் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்.