அண்ணன் எடுத்த ஒன்பது மார்க்

ஜூன் 14, சனி

பெர்த்தில் மாநில லீக்கில் ஆஸ்திரேலியக் காற்பந்து ஆடும் பெரியம்மா மகன் ரவி அண்ணன் இன்று வீடியோவில் அழைத்தார்.

“ஒம்பது மார்க் எடுத்தேம்மா!”

“ஒம்பதா? ஃபெயிலுதான் லா!” என்றார் பெரியம்மா.

அங்கே, உதைத்த பந்தைத் தரையில் படாமல் பிடித்தால் அதற்குப் பெயர் மார்க்காம். ஆனாலும் அடுத்த ஆண்டு தன்னைக் கிளப்பில் வைத்துக்கொள்வார்களா தெரியவில்லை என்றார் அண்ணன்.

கூச்சத்தை விட்டுக் கேட்டேன். “வேணாம்னுட்டா என்னண்ணே செய்வீங்க?”

“நீ ஸ்கூல பாதியில விட்டியே, மறுநாள் காலையில என்னம்மா செஞ்ச?”

கிண்டல் இல்லை, தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். யாரிடமும் சொல்லாததைச் சொன்னேன். “யூனிபார்ம் போட்டுக்கிட்டு எஸ்டேட் வாசல்ல பஸ்ஸுக்கு நின்னேண்ணே.”

அண்ணன் சிரிக்கவில்லை. “பஸ் வந்ததும்?” என்று அவசரமாகக் கேட்டார்.