ராஜா முடிக்காத மாதம்

இன்று காலை புதுத் தீப்பெட்டி ஒன்றைப் பிரித்ததும் மருந்து வாசனை வந்தது. உங்கள் சட்டையில் இருந்த அதே வாசனை. எனக்கு அது ஒருநாளும் பிடித்ததில்லை. வாசலிலேயே சட்டையைக் கழற்றச் சொல்வேன். நீங்களும் ஒரு வார்த்தை பேசாமல் கழற்றித் தருவீர்கள். குச்சியைக் கிழிக்காமல் அடுப்படியில் அப்படியே நின்றுவிட்டேன். நீங்கள் போன பிறகு எனக்கு விழுந்த அடி இன்னும் ஆறவில்லை. நீங்கள் போனதைச் சொல்லவில்லை. அது நெஞ்சுவலி, டாக்டர் முன்பே எச்சரித்திருந்தார். நான் சொல்வது மூன்றாம் நாள் விழுந்த அடியை.

அன்று உங்கள் தீப்பெட்டி ஆபீஸில் குச்சி அடுக்கும் பெண்கள் துக்கம் விசாரிக்க வந்தார்கள். மானேஜர் வீட்டுக்குள் அதுவரை வந்திராதவர்கள். ஹாலில் பாய் விரித்து உட்கார வைத்தேன். அவர்களில் மூத்தவள் செல்லத்தாய், மூக்கைச் சிந்திக்கொண்டே பக்கத்தில் இருந்தவளிடம், "மாசம் முடியலையே, அதுக்குள்ள போயிட்டாவளே" என்றாள்.

தவறான தேதியைக் கேட்டால் என்னால் சும்மா இருக்க முடியாது, துக்க வீடானாலும். மாதம் முந்தாநாளே முடிந்துவிட்டது, இன்று தேதி இரண்டு என்றேன்.

பெண்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். ஓர் இளையவள், "அது நம்ம மாசம் இல்லம்மா. ஐயா நாட்டு மாசம்" என்று சொல்லிவிட்டாள். "ஏட்டி, சும்மா கெட" என்று செல்லத்தாய் அவள் தொடையைக் கிள்ளினாள்.

எந்த நாடு என்று கேட்டேன். கேட்டதற்குப் பதில் வராமல் நான் விடுவதில்லை என்பது உங்களுக்குத் தெரியும்.

மதியச் சாப்பாட்டு நேரத்தில் அவர்களுக்குக் கதை சொல்லிக்கொண்டிருந்தீர்களாம், வருடக்கணக்காக. நெருப்பே தெரியாத ஒரு நாடு. அங்கே சூரியன் நினைத்தபோது வரும், நினைத்தபோது போகும். அதனால் மாதத்துக்கு இத்தனை நாள் என்ற கணக்கில்லை. ராஜா போதும் என்று கைதட்டினால் மாதம் முடியும். பூனைக் கொட்டாவி மாதத்தில் ஊரே பகலில் தூங்கும். ஊமை மாதத்தில் மரங்கள் மட்டும் பேசும். வாரத்தில் 'அப்புறம்' என்று ஒரு கிழமை உண்டு. தள்ளிப்போட்ட வேலையையெல்லாம் அன்றைக்குத்தான் செய்ய வேண்டும். ஒருத்தி லீவு கேட்டால் எந்தக் கிழமை என்று நீங்கள் கேட்பீர்களாம். அவளும் அந்த நாட்டுக் கிழமையைத்தான் சொல்வாளாம்.

இந்த வீட்டில் நீங்கள் பேசியதெல்லாம் தண்ணீர் வந்ததா, மோட்டார் போட்டாயா, கதவைப் பூட்டியாயிற்றா என்பதுதான். எனக்கு அறிமுகமே இல்லாத ஒரு மனிதரைப் பற்றி, என் வீட்டுப் பாயில் உட்கார்ந்து, எனக்கே சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

இப்போது நடப்பது என்ன மாதம் என்று கேட்டேன். அந்த இளையவள்தான் தலையைக் குனிந்தபடி சொன்னாள்.

"தொரசாணி மாசம்."

உங்கள் அக்காமார் என் முதுகுக்குப் பின்னால் என்னை அழைத்த பெயர் அது. கான்வென்ட்டில் படித்தவள் கோவில்பட்டிக்கு வாழவந்து, பஸ்ஸில்கூடக் கைக்குட்டை விரித்து உட்கார்ந்ததற்காக வைத்த பெயர். உங்கள் வாயில் மட்டும் அது வந்ததில்லை என்று அன்றுவரை எனக்குப் பெருமை. எழுந்து உள்ளே போயிருக்கலாம். ஆனால் எதையும் அரைகுறையாகத் தெரிந்துகொள்வது என் பழக்கமில்லை. முழுவதும் சொல்லச் சொன்னேன்.

அந்த மாதத்தில் காற்று கோடு போட்டதுபோல் நேராக வீசுமாம். ஆடுகள் வரிசையில் போகுமாம். குயில் ஓரிடத்தில் தப்பாகக் கூவினால் முதலிலிருந்து மறுபடி கூவ வேண்டுமாம். பருத்திகூட வெடிப்பதற்கு முன் அனுமதி கேட்குமாம்.

சிரித்தீர்களா என்று கேட்டேன்.

"சிரிக்காம எப்படிம்மா இருக்க?" என்றாள் செல்லத்தாய். "அவியளும்தான் சிரிப்பாவ."

நீங்கள் சிரிப்பீர்களாம். என்னை வைத்து, அத்தனை பேருக்கு நடுவில் நின்று. இந்தக் குடும்பத்தில் ஓர் ஒழுங்கைக் கட்டிக் காத்ததாக நான் நினைத்திருந்தேன். மதியச் சாப்பாட்டுக்குத் தொட்டுக்கொள்ள என்னைப் பரிமாறியிருக்கிறீர்கள். அந்த நாட்டு மக்கள் அப்படியொரு மாதத்தை எப்படித்தான் தாங்கினார்கள் என்று மட்டும் கேட்டேன்.

செல்லத்தாய் என் முகத்தை நேராகப் பார்த்தாள்.

"தாங்க மாட்டாம ராசாகிட்டப் போயி அழுவாங்கம்மா. போதும் சாமி, கையத் தட்டுங்கம்பாங்க. ராசா தட்ட மாட்டாரு. இந்த மாசம் போயிட்டா எனக்கு வீட்டுக்கு வழி எப்படித் தெரியும்னு கேப்பாரு. நாங்களும் சொல்லிப் பாத்தோம், அடுத்த மாசத்துக்குப் போங்கய்யான்னு. எத்தனையோ தீவாளி போயிட்டு. அவிய கடைசி வரைக்கும் தட்டவே இல்லையே."

அவர்கள் முன்னால் நான் அழவில்லை. எல்லோரும் போன பிறகு கதவைச் சாத்திக்கொண்டேன்.

இதை என்னிடம் நேராகச் சொல்ல உங்களுக்கு என்ன தடை? சொல்லியிருந்தால், குயில் தப்பாகக் கூவாது என்று நான் திருத்தியிருப்பேன். அதனால்தான் சொல்லவில்லையோ என்னவோ. கோபம் இருக்கிறது. அதற்கு அடியில் இருப்பதற்குப் பெயர் தெரியவில்லை.

போன வாரம் கடைத்தெருவில் செல்லத்தாய் என்னை நிறுத்தினாள். ராஜா இல்லாவிட்டால் ராணி தட்டினாலும் செல்லும் என்று ஆபீஸில் எல்லோரும் பேசி முடிவு செய்திருக்கிறார்களாம். கையைத் தட்டி, அடுத்த மாதத்துக்கு ஒரு பெயர் சொல்லச் சொன்னாள்.

"வேண்டாம். அது பாட்டுக்கு நடக்கட்டும்" என்றேன்.

என் ஒரு கையில் பை இருந்தது, மறு கையில் குடை. இரண்டு கையும் தவறிக்கூடச் சேர்ந்துவிடாதபடி வீடுவரை நடந்து வந்தேன்.