மீஞ்சூர்க் கீரையும் மண்ணெண்ணெய் வாசமும்

இன்று காலை ஆட்டோவிலிருந்து இறக்கிய சிறுகீரைக் கட்டு ஒன்றைப் பிரித்தபோது மண்ணெண்ணெய் வாசம் அடித்தது. கீரையிலிருந்து வந்ததா, மணலி எண்ணெய் ஆலைப் பக்கமிருந்து வீசிய காற்றில் வந்ததா, தெரியவில்லை. கட்டைக் கடைக்குள் கொண்டுபோய், ஷட்டரை இறக்கிவிட்டு மறுபடி முகர்ந்தேன். உள்ளேயும் அதே வாசம்தான். நம் திருவொற்றியூரில் மூக்கை நம்பிக் கடை நடத்த முடியுமா, நீயே சொல். உடனே உன் நினைப்பு வந்தது.

நாம் கூட்டாகக் காய்கறிக் கடை போட்டு, பக்கத்துத் தோட்டங்களில் விளைவதை மட்டும் விற்கலாம் என்று நீ சொன்ன அன்றே எனக்குப் பயம்தான். நான் மளிகைக் கடைக்காரன். அரிசியும் பருப்பும் மூட்டையில் வரும், எங்கே விளைந்தது என்று யாரும் கேட்க மாட்டார்கள். நீ லாரி ஓட்டியவன். மீஞ்சூர், சோழவரம் தோட்டங்களுக்குப் போகும் வழியெல்லாம் உனக்கு அத்துப்படி. "இன்னா அண்ணாச்சி, கீர விக்கறதுக்கு இன்னா பயம்? பாம்பா விக்கப்போறோம்?" என்றாய். கடைப் பலகையில் 'நம்ம ஊரு காய்கறி' என்று எழுதினோம். வேறு எந்த ஊரிலும் அந்தப் பெயர் கூட்டத்தை இழுத்திருக்கும். இங்கே முதலில் வந்த அம்மா பலகையைப் படித்துவிட்டு, "நம்ம ஊர்னா? இந்தக் காவா தண்ணில வெளஞ்சதா? ஐய, எனுக்கு வாணாம்பா" என்று பையை மடக்கிக்கொண்டு போய்விட்டார்.

பலகையை அழித்துவிடலாம் என்று கெஞ்சினேன். நீ கேட்கவில்லை. மறுநாள் கடை வாசலில் நின்று ஒரு பிடி கீரையை அலசி, பச்சையாகவே வாயில் போட்டு மென்றாய். "நான் துன்னுட்டேன். சாயங்காலம் வரிக்கும் உசுரோட கீறேனான்னு பாத்துகினு அப்பால வாங்கு" என்றாய். தெருவே சிரித்தது, வாங்கவும் செய்தது. அதன் பிறகு நீ மென்று காட்டாமல் ஒரு நாளும் விற்பனை தொடங்கியதில்லை. பெண்கள் கூடையோடு நின்று வேடிக்கை பார்ப்பார்கள். நானும் கல்லாவில் உட்கார்ந்து உன் தொண்டையையே பார்த்துக்கொண்டிருப்பேன்.

பிறகு உனக்கு வயிற்றில் அந்த நோய் வந்தது. எதனால் என்று ஆஸ்பத்திரியில் யாராலும் சொல்ல முடியவில்லை. லாரி ஓட்டிய காலத்தில் கண்ட நேரத்தில் கண்டதைத் தின்றதாக இருக்கலாம். நாம் எல்லோரும் இழுக்கிற காற்றாக இருக்கலாம். பாழாய்ப்போன மனசு கீரையையும் விடவில்லை, உன்னிடமே கேட்டுவிட்டேன். பக்கத்துக் கட்டிலில் ஆள் இருந்ததால் குரலைத் தாழ்த்தினாய். "தெனம் மெல்லும்போது எனுக்கும் உள்ள உதறும் அண்ணாச்சி. அத்த வெளிய சொல்லிகினு இருந்தா யாவாரம் ஆவுமா?" என்றாய். உன்னைத் தைரியசாலி என்று நம்பித்தான் நான் அத்தனை நாளும் உன் பக்கத்தில் நின்றிருந்தேன்.

போன வாரம் பெய்த மழையில் கால்வாய் பொங்கி மீஞ்சூர்த் தோட்டத்தில் ஏறியது. தண்ணீர் வடிந்த பிறகு தாழ்ந்த பாத்திகளில் எண்ணெய்ப் பிசுக்கு இருந்ததாகத் தோட்டக்காரரே போனில் சொன்னார். இந்தக் கீரை மேட்டுப் பாத்தியில் பறித்தது, அங்கே தண்ணீர் ஏறவில்லை என்று சத்தியமும் செய்தார். பொய் சொல்கிறவர் இல்லை. ஆனாலும் எனக்குப் பயமாக இருந்தது. கட்டைக் கையில் வைத்துக்கொண்டு யோசித்தபடி நிற்கும்போது உன் மகள் வந்தாள். அவளுக்கு இது ஏழாவது மாதம். ரத்தம் கம்மியாக இருக்கிறது, கீரை சேர்த்துக்கொள் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார்.

"பெரிப்பா, ஒரு கட்டு குடு."

"இன்னைக்குக் கீரை இல்ல தாயி."

"தோ, மலையாட்டம் கீது?"

"அது வேண்டாம். வாசம் சரியில்ல."

ஒரு கட்டை எடுத்து முகர்ந்து பார்த்தாள். "எனுக்கு ஒண்ணும் தெரீலயே. எங்கப்பா இருந்தா மென்னுட்டுக் குடுத்திருப்பாரு."

ஆஸ்பத்திரியில் நீ சொன்னதை அவளிடம் இதுவரை சொன்னதில்லை, இன்றும் சொல்லவில்லை. அவள் சிரித்துக்கொண்டே நடந்து, தெருமுனைத் தள்ளுவண்டியில் ஒரு கட்டு வாங்கினாள். செருப்புகூடப் போடாமல் பின்னால் ஓடினேன். எந்த ஊர்க் கீரை என்று வண்டிக்காரரைக் கேட்டேன். "கோயம்பேட்டு சரக்கு" என்றார். கோயம்பேட்டில் மார்க்கெட் இருக்கிறது, தோட்டம் எங்கே இருக்கிறது? எந்தத் தண்ணீர் பாய்ந்து வளர்ந்ததோ, யார் கண்டார்கள்?

"பாரு பெரிப்பா, ஒரு வாசமும் இல்ல" என்று கட்டை என் மூக்கருகே நீட்டினாள்.

உண்மையிலேயே வாசம் இல்லை. அதுதான் என்னை இன்னும் கலக்கியது. வாங்காதே என்று சொல்ல என்னிடம் ஒரு காரணமும் இல்லை. நன்றாக அலசி வேகவை என்று மட்டும் சொன்னேன். தலையாட்டிவிட்டுப் போனாள்.

நம் கீரை விற்காமல் வதங்கிக்கொண்டிருக்கிறது. கடையை நீ என்னிடம் விட்டுப் போனதாகத் தெருவில் பேசிக்கொள்கிறார்கள். யாரிடமும் சொல்லாமல் நீ வைத்திருந்த அந்த உதறலையும் சேர்த்து விட்டுப் போனாய். அது எனக்கு மட்டும்தான் தெரியும். அவள் வீட்டுக்குப் போய்ப் பார்க்கலாமா என்று நூறு தரம் எழுந்து உட்கார்ந்துவிட்டேன். இந்நேரம் அடுப்பில் கீரை வெந்துகொண்டிருக்கும்.