லெட்சுமி அக்கா வேண்டாமென்ற காட்சி

உன் கமரா பையைத் திறந்தேன். ரப்பர் ஷீட்டுக்குப் புகை போடுகிற வாசம் இன்னும் போகவில்லை. எலிக்காய்ச்சல் உன்னைக் கொண்டுபோய் ஒரு வருஷமாகிறது. கொழும்பில் நீ எடுத்த தோட்டத்து ஆவணப்படத்தைக் காட்டக் கேட்கிறார்கள். அதற்காகத்தான் ஹார்ட் டிஸ்க்கைத் தேடினேன்.

எஹலியகொடையில் கல்யாண வீடியோக்களை வெட்டி ஒட்டிக்கொண்டு நிம்மதியாக இருந்தவன் நான். "நானா, மாப்பிள்ளை பொண்ணு இல்லாத வீடியோ ஒண்ணு வெட்டித் தருவீங்களா?" என்று அண்ணன் முறை சொல்லி வந்து நின்றாய். ஒரு வார வேலை என்று சொல்லி மூன்று வருஷம் என் உயிரை வாங்கினாய்.

உன் குரல் படத்தில் எங்கும் கேட்கக்கூடாது என்பாய். கேட்ட இடமெல்லாம் வெட்டினேன். படத்தில் வருகிறவர்களுக்கே அதை முதலில் காட்ட வேண்டும் என்பது இன்னொரு பிடிவாதம். தோட்டத்தில் வேலைக்குப் போகிறவர்கள் குழந்தைகளை விட்டுப்போகும் புள்ளக்காம்பராவின் ஜன்னல்களைச் சாக்கால் மூடி, வெள்ளைத்துணி கட்டிக் காட்டினோம். படத்தில் ஒரு காட்சியில் ரப்பர் பால் வெட்டும் லெட்சுமி அக்கா, ஒழுகும் கூரைக்குக் கீழே சட்டிகளை வைத்துக்கொண்டிருப்பார்.

"மழை பேஞ்சா எங்கக்கா தூங்குவீங்க?" என்று நீ கேட்பாய்.

"பாயில சட்டிதான் படுத்திருக்கும். நாங்க செவத்துல சாஞ்சிருப்போம்."

நீ சிரித்துவிடுவாய். கமரா குலுங்கும். உன் குரல் கேட்டாலும் இதை மட்டும் விட்டுவை என்று கெஞ்சி வாங்கியிருந்தேன்.

படம் முடிந்ததும் அக்கா உன் கையைப் பிடித்தார். "அத எடுத்துருங்க புள்ள. மகளுக்கு மாப்பிள்ளை பாக்குறோம்." அன்றே வெட்டச் சொன்னாய். நான் கத்தினேன். "படம் நம்ம படம் நானா. வீடு அவங்க வீடு" என்றாய். இரண்டு நாள் உன்னோடு பேசவில்லை.

இப்போது டிஸ்க்கில் அந்தக் காட்சி அகப்பட்டது. உன் குரல் மிஞ்சியிருப்பது அதில் மட்டும்தான். அதைப் படத்தில் சேர்க்க எனக்கு அவ்வளவு ஆசை. அக்காவின் மகளுக்குக் கல்யாணமாகிப் பிள்ளையும் இருக்கிறதே, இனி என்ன என்று லெப்டொப்பைத் தூக்கிக்கொண்டு புளத்கொகுபிட்டியவில் அக்கா வீட்டுக்குப் போனேன்.

அக்கா பார்த்தார். முந்தானையால் முகத்தைத் துடைத்தார்.

"வேணாம் தம்பி. சம்பந்தி வீட்டுலயும் பாப்பாங்க." லெப்டொப்பைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டார். "ஆனா அந்தப் புள்ள சிரிக்கிறத இன்னொருக்கா போடுங்க."

ஐந்து தரம் போட்டேன். நடுவில் மழை பிடித்தது. அக்கா எழுந்துபோய்ச் சட்டியை வைத்துவிட்டு வந்து உட்கார்ந்தார்.

கொழும்புக்குப் படம் நீ முடித்தபடியே போகிறது. உன்மேல் எனக்கு இன்னும் கோபம்தான். ஆனால் உன் கிறுக்கு என்னையும் பிடித்துக்கொண்டது. கல்யாண வீடியோவைக்கூட வீட்டாருக்குக் காட்டி, எதை வெட்டிவிட வேண்டும் என்று கேட்டுத்தான் கொடுக்கிறேன்.

நீ சிரிக்கும் சத்தத்தை மட்டும் போனில் வைத்திருக்கிறேன். அக்காவிடம் கேட்டுத்தான் எடுத்தேன்.