பெநினாவின் இரண்டு வீடுகள்

சவாயி தீவு
வெள்ளிக்கிழமை

அன்பு மகள் இவாவுக்கு அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் தம்பியும் கர்த்தர் கிருபையால் சுகம், ஆக்லாந்துக் குளிரில் நீயும் சுகமாக இருப்பாய் என்று நம்புகிறேன். அப்பாவுக்கு முழங்கால் வலி குறைந்திருக்கிறது, டாரோக் கிழங்குத் தோட்டத்துக்குப் போகாதீர்கள் என்றால் கேட்கிறாரா. போனில் பேசினால் அழுதுவிடுவேன், அதனால்தான் எழுதுகிறேன்.

பள்ளிக்கூடங்களுக்காக நீ செய்த வருகைப்பதிவு மென்பொருளை இங்கே எல்லோரும் மெச்சினார்கள். "கம்ப்யூட்டர் பக்கமே போகாதவ, உன் மக புண்ணியத்துல நானும் ஆபீசராயிட்டேன் லூபே" என்று மாசினா டீச்சர் சிரித்தாள். என் பள்ளி ஆபீசில் நாங்கள் காகிதப் பதிவேட்டையே நிறுத்திவிட்டோம். ஒன்றுதான் இடித்தது, அதில் ஒரு பிள்ளைக்கு ஒரு வீடுதான் எழுத முடியும். நம் பிள்ளைகளோ இந்த மாதம் பெற்றவள் வீட்டிலும் அடுத்த மாதம் பெரியம்மா வீட்டிலும் தூங்குகிறவர்கள், எந்த வீட்டை விட்டாலும் அந்த வீட்டுக்காரிக்கு மனத்தாங்கல். அதனால் வீட்டுக்கு ஒரு தடவை பிள்ளையைப் பதிந்துவிடலாம் என்று யோசனை சொன்னவள் நான்தான். நூற்று நாற்பது பிள்ளைகள் இருநூற்றுப் பதினொன்றானார்கள். தலைமையாசிரியர் தோவியா பார்த்துவிட்டு, "ஒரே வாரத்துல எழுபது புள்ள பெத்துட்டியா லூபே? மிச்சத்த அழிச்சுத் தொலை" என்றார்.

அழித்தேன். பன்னிரண்டாம் வகுப்பு பெநினா இரண்டு வீட்டில் இருந்தாள், பெரியம்மா வீட்டுப் பெநினாவை எடுத்துவிட்டேன். அப்போது அவள் தங்கியிருந்தது அங்கே என்பதால், மாசினா தினமும் வருகை போட்டது அந்தப் பெநினாவுக்குத்தான். மிஞ்சியவள் அன்றுவரை ஒருநாள்கூடப் பள்ளிக்கு வராதவளாகிவிட்டாள், அந்தக் கணக்கை வைத்துக் கல்வி அலுவலகத்தார் அரசுத் தேர்வுப் பட்டியலிலிருந்து அவள் பெயரை நீக்கிவிட்டார்கள். அந்தத் தகவல் வர நாற்பது நாளாயிற்று, அழித்ததைத் திரும்ப எடுக்க முப்பது நாள்தான் என்று நீ முன்பே சொல்லியிருந்தாய். படகேறித் தலைநகரில் அந்த அலுவலகத்துக்கே போய்க் கெஞ்சினேன். "நாங்களா சொல்றோம்? உங்க கம்ப்யூட்டர்தானேம்மா சொல்லுது" என்று திரையைத் திருப்பிக் காட்டினார் அங்கிருந்தவர்.

உன்னைக் குறை சொல்லவில்லை கண்ணு. எளிதாக இருக்க வேண்டும் என்று நினைத்தாய், எளிதாகத்தான் இருந்தது, ஒரே அழுத்தில் போய்விட்டாள். அழிக்கும் முன் இந்தப் பிள்ளை நேற்று வகுப்பில் இருந்தாள் என்று திரையில் ஒரு வரி வந்திருந்தால் என் கை நின்றிருக்கும். இன்று காலை பெநினா ஆபீஸ் சன்னலில் தலையை நீட்டி, "அத்தை, எனக்கு என்ன பரீட்சை நம்பர் வந்திருக்கு? பெரியம்மா புது யூனிஃபார்மே தைச்சுட்டாங்க" என்றாள். வரும் என்று சொல்லிவிட்டேன்.

கர்த்தர் உன் கைகளின் வேலையை ஆசீர்வதிப்பாராக. வேளைக்குச் சாப்பிடு. அந்த ஒரு வரியை மறக்காமல் சேர்த்துவிடு. திங்கட்கிழமை பெநினா மறுபடி வருவாள், நீ இதைப் படிக்கும்போது நான் அவளிடம் உண்மையைச் சொல்லியிருப்பேன்.

உன் அம்மா,
லூபே