ஜாகாவுக்குக் கோடு இல்லை

மச்சான்,

உன் மேசை முனையில் நீ அடித்த ஆணி இன்னும் அப்படியே இருக்கிறது. பால் சேர்க்காத கோப்பி ஓ பொட்டலத்தைக் கயிற்றோடு அதில்தான் தொங்கவிடுவாய். இன்று காலை அவசரத்தில் என் சட்டை அதில் மாட்டிக் கிழிந்தது. செத்த பிறகும் என் உயிரை வாங்குகிறாயே என்று ஆணியைப் பார்த்துக் கத்திவிட்டேன். கீழே காசு மாற்றும் கடைக்காரர் சூலியா தெருவில் இறங்கி நின்று அண்ணாந்து பார்த்தார்.

போன வருஷமே கேட்டேன். டயாலிசிஸ் மையத்துக்கு நாம் இருவரும் எழுதிய மென்பொருள், நோயாளிகளுக்கு நாளும் இயந்திரமும் ஒதுக்குவது, பெருத்துக்கொண்டே போகிறது. நிரலில் எந்தத் துண்டு, அதாவது எந்த கிளாஸ், எதைக் கூப்பிடுகிறது என்று படம் போட்டுக் காட்டும் கருவி ஒன்றைத் தேடுவோம் என்றேன். நீ கோப்பியை உறிஞ்சிக்கொண்டே, "படம் எதுக்குலா? எல்லாம் தலைக்குள்ள இருக்கு" என்றாய். அந்தத் தலையை இப்போது எங்கே போய்த் தேட?

நீ போன மறுமாதம் மையத்தில் புதிய அறை திறந்தார்கள். மென்பொருளில் கை வைத்தே ஆகவேண்டும். கருவி தேடித் தனியாக அலைந்தேன். ஒன்று நம் நிரலை முழுக்க இணையத்தில் ஏற்றச் சொன்னது. நோயாளிகள் விவரம், முடியாது. இன்னொன்று எல்லாக் கோடுகளையும் ஒன்றன்மேல் ஒன்றாகப் போட்டு மீ கோரெங் நூடுல்ஸ் தட்டைக் கவிழ்த்ததுபோல் காட்டியது. மூன்றாவதுதான் உருப்படியாக வரைந்தது. பெட்டி பெட்டியாக கிளாஸ்கள், நடுவே கோடுகள். ஓரத்தில் மட்டும் கோடே இல்லாமல் ஒரு பெட்டி. பெயர் 'ஜாகா'. மலாயில் காவல்காரன் என்று நீ வைத்த பெயர்தான். யாரும் கூப்பிடாத கிளாஸ் ஓடாது. நீ பாதியில் விட்ட ஏதோ என்று நினைத்து எடுத்துவிட்டேன்.

அடுத்த வாரம் மையத்திலிருந்து தாதி அக்கா கூப்பிட்டார். "தம்பி, வராதவங்க பேரு சாயங்காலம் மெசேஜ்ல வருமே, ஏன் இப்ப வரல? புக்கிட் மெர்தாஜாம்லேர்ந்து வர்ற அக்கா ரெண்டு தடவ வரல, யாருக்கும் தெரியல. இப்ப மூச்சு விட முடியாம தூக்கிட்டு வந்திருக்காங்க."

அந்த அக்கா பிழைத்துக்கொண்டார். ஆனால் அன்று முழுக்க உன்னை வாய்க்கு வந்தபடி திட்டினேன்.

வராதவர் பெயரை அனுப்பியது ஜாகாதான். அதை நீ நிரலுக்குள் எங்கும் கூப்பிடவில்லை. அமைப்புக் கோப்பில் வெறும் பெயராக எழுதி, அங்கிருந்தே சாயங்காலம் ஓட வைத்திருந்தாய். நிரலை மட்டும் படிக்கிற கருவிக்கு அது தெரியாது. ஏன் ஒளித்தாய் என்பதும் புரிந்தது. "கேக்காத வேலையச் செய்யாதீங்க" என்று நம் முதலாளி அன்றே அதை வெட்டச் சொன்னார். நீ தலையாட்டிவிட்டு, வெட்டாமல் அவர் கண்ணில் படாத இடத்தில் வைத்துவிட்டாய். நல்ல காரியம்தான், யார் இல்லை என்றது? அவரிடம் ஒளித்தாய், சரி. பக்கத்து நாற்காலியில் இருந்த என்னிடமுமா?

உன் நெஞ்சையும் அப்படித்தான் வைத்திருந்தாய். பட்டர்வொர்த்திலிருந்து ஃபெர்ரியில் வந்து இறங்கி, நம் படிக்கட்டில் பாதியில் நெஞ்சைத் தடவிக்கொண்டு நிற்பாய். என்னடா என்றால், "ஒன்னும் இல்லலா, காத்து" என்பாய். நீ போன பிறகு பார்த்தால், உன் பையின் அடியில் இருதய மாத்திரை இருந்ததாம். மாதா கோயிலில் உன் சவப்பெட்டியருகே உன் மனைவி என்னிடம் கேட்டாள்: "உங்ககிட்டயாவது சொன்னாராண்ணே?" எங்கள் இருவரையும் வெளியே நிறுத்திவிட்டுப் போன உன்னை நான் இன்னும் மன்னிக்கவில்லை.

ஜாகாவைத் திரும்ப வைத்துவிட்டேன். படத்தை அச்செடுத்து, ஜாகாவுக்குப் போகும் கோடுகளைச் சிவப்புப் பேனாவால் நானே போட்டு, உன் ஆணியில் குத்தி மாட்டியிருக்கிறேன். முதலாளி பார்த்தார். இந்த முறை வெட்டச் சொல்லவில்லை.

போன வாரம் அவரே படியில் பாதியில் நின்று நெஞ்சைத் தடவினார். "காத்துதான்" என்றார். எனக்கு எங்கிருந்துதான் அப்படி ஒரு கோபம் வந்ததோ. "இன்னொரு தடவ காத்துன்னு சொன்னீங்க, நடக்கிறதே வேற" என்று கத்தி, கையைப் பிடித்து இழுத்துக் காரில் ஏற்றினேன். மருத்துவமனை வரை வழியெல்லாம் திட்டிக்கொண்டே போனேன். பாதி வழியில்தான் கவனித்தேன், உன் பெயரைச் சொல்லித் திட்டிக்கொண்டிருந்தேன்.