படகேறிப் போன சாமுராய்

காளியம்மன் துணை

பசுந்தாங், ரங்கூன்

அன்பு மகன் மூர்த்திக்கு அம்மா எழுதுவது. இங்கே நாங்கள் மூவரும் இருக்கிறோம். நலம் என்று எழுதக் கை வரவில்லை. கரண்ட் வந்ததும் உன் தங்கை ரூபா இதைப் போனில் படம் பிடித்து அனுப்புவாள். ஒசாகாவில் குளிராமே, காதை மூடாமல் வேலைக்குப் போகாதே.

நீ அனுப்பிய சாமுராய் படம் பார்த்தோம். சர்க்கரையில் கண் போன அப்பாவுக்கு நூறு வருஷத்துப் பேசாத படத்தை அனுப்புகிற மகன் நீ ஒருவன்தான். அந்தக் காலத்தில் ஜப்பானில் திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று எல்லார் குரலிலும் பேசுவார் என்று சொல்லி, அந்த வேலையை என் தலையில் கட்டிவிட்டாய். நானே வாள்வீரன், நானே காவலன். அந்த வீரனுடைய தாயாக வந்தது பெண் வேஷம் கட்டிய ஆண். கழுத்தைப் பார்த்ததுமே சொல்லிவிட்டேன். அப்பா சிரித்தார். அவர் சிரித்து எவ்வளவு நாளாயிற்று.

ஊரைவிட்டுத் தப்பிப் போனவன், தாய்க்கு முடியவில்லை என்று கேள்விப்பட்டுத் திரும்பி வருகிறான். வீட்டைச் சுற்றி ஏணியும் கயிறுமாகக் காவலர்கள். கூரைமேல் ஏறிச் சண்டை போட்டவன் வாசலில் விழுந்து செத்துப்போனான். அதை மட்டும் நான் அப்பாவுக்குச் சொல்லவில்லை. அப்புறம் என்ன ஆச்சு என்று அப்பா கேட்கிறார். ஆற்றில் குதித்துப் படகேறிப் போய்விட்டான் என்று சொன்னேன். பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்த பக்கத்து வீட்டுப் பல்கீஸ், பாவம் செத்துட்டானே என்று போட்டு உடைத்துவிட்டாள்.

அப்பா கோபப்படவில்லை. என் கையைத் தேடிப் பிடித்துக்கொண்டார். பிறகு, "வேணி, நீ சொன்ன கதையே இருக்கட்டும். பையனுக்கும் அதையே எழுதிடு" என்றார்.

நீ டிக்கெட் பார்ப்பதாக ரூபா சொன்னாள். வராதே ராஜா. பட்டாளத்துக்கு ஆள் பிடிப்பது நிற்கவில்லை. உன்னோடு படித்த பிரேம்நாத், அவன் அப்பாவைப் பார்க்க வந்தவன், ஏர்போர்ட்டிலிருந்து வீடு வந்து சேரவில்லை. அவன் அம்மாவைக் கோயிலில் பார்த்தால் நான் வேறு பக்கம் திரும்பிக்கொள்கிறேன்.

உன் அப்பாவுக்கு இனி மருந்துக்குக் கேட்காது, வீட்டிலேயே வைத்துக்கொள்ளுங்கள் என்று டாக்டர் சொல்லிவிட்டார். அப்பா நேற்று ரூபாவைப் பக்கத்தில் உட்காரவைத்து, கொள்ளி நீதான் வைக்க வேண்டும் என்றார். அவள் அழுதுகொண்டே சரி என்றாள்.

தகவல் வரும் அன்று தலைக்குக் குளித்துவிட்டு, இருக்கிற இடத்தில் ஒரு விளக்கேற்று. அப்பாவுக்கு அது போதும். எனக்கும் ஒருநாள் அப்படியே செய். நீ நூறு வயது இருக்க வேண்டும் கண்ணே, எங்கேயாவது.

உன் அம்மா,
அம்சவேணி